துரையின் வயிற்றிலிருந்து வந்த மருந்து

ஆம்பூர் வட்டாரத்தில் மூடநம்பிக்கை அடியோடு ஒழிந்துவிட்டது. இன்பராஜ் கல்லூரியில் இயற்பியல் படிக்கச் சேர்ந்த அன்றே அது மூட்டை கட்டிவிட்டது. இந்தச் செய்தியை வெளியிட்டவன் இன்பராஜ், சரிபார்த்தவன் இன்பராஜ், கல்லூரிச் சுவரேட்டில் தலையங்கமாக எழுதியவனும் அவனே. மிச்சசொச்சம் எங்காவது கண்ணில் பட்டால் தெரிவிக்கும்படி வாசகர்களை அவன் கேட்டுக்கொண்டிருந்தான்.

மிச்சசொச்சம் பள்ளிகொண்டாவைத் தாண்டி, பாலாற்றங்கரையில், ஒரு தகரக் கொட்டகையில் இருந்தது. செவ்வாய், வெள்ளி இரண்டு நாளும் விடிவதற்குள் வரிசை கட்டிவிடும். ஆளுக்கொரு நாய். லாப்ரடார் காரில் வந்தது. பொமரேனியன் மடியில் வந்தது. நாட்டு நாய் ஷேர் ஆட்டோவில், பத்துப் பேர் காலிடுக்கில் வந்தது. நாட்றம்பள்ளியிலிருந்தும் வந்தார்கள், காவேரிப்பாக்கத்திலிருந்தும் வந்தார்கள். எல்லாரும் வேலு சாமியைப் பார்க்க.

வேலு சாமி ஆதியில் மனிதர்களுக்கு மருந்து எடுத்தவர். பங்காளியோ சக்களத்தியோ சோற்றில் கலந்து கொடுத்துவிட்ட இடுமருந்தை, வயிற்றின்மேல் பித்தளைக் குழாயை வைத்து, வாயால் உறிஞ்சித் துப்பிவிடுவார். நல்ல தொழில். ஒரே பேஜார், மனிதன் மறுநாளே திரும்பி வந்து, "சாமி, இன்னும் வலிக்குதே" என்பான். நாய் அப்படியெல்லாம் கேட்காது. வேலு சாமி நாய்க்கு மாறினார்.

துப்பியதும் வாழையிலைக் கிழிசலில் செக்கச்செவேலென்று ஒரு துண்டு விழும். "சதையில கட்டின செய்வினை" என்பார். இலையை மடித்துச் சொந்தக்காரர் கையில் கொடுப்பார். பிரிக்கக் கூடாது. பாலாற்றில் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போய்விட வேண்டும். பாலாற்றில் தண்ணீர் இல்லை என்பதை யாரும் ஒரு குறையாகச் சொல்லவில்லை.

"எங்க டாமிக்கு இம்மா நீளம் வந்துச்சு."

"எங்களுக்கு ரெண்டு பீஸு. மச்சினன் வெச்சது. அவன் எதுலயும் ஜாஸ்திதான்."

இந்த வரிசையில் இன்பராஜ் எப்படி வந்தான்? வழி போட்டது அவன் வீட்டு நாய் துரை.

துரைக்கு எட்டு வயது. ஆண் நாய். தெருவில் எந்தக் கம்பத்தையும் நலம் விசாரிக்காமல் விட்டதில்லை. திடீரென்று காலைத் தூக்கி நின்றால் தூக்கியபடியே நின்றது. சொட்டுச் சொட்டாக ரத்தம் வந்தது. மலம் கழிக்க முக்கி முனகியது. இடுப்பை வளைத்து, கிழவன் மாதிரி நடந்தது. கால்நடை டாக்டர் தேவசகாயம் கையுறை மாட்டி, பின்பக்கம் விரல் விட்டுப் பார்த்தார். துரை வீறிட்டது.

"புராஸ்டேட்டுப்பா. ஆம்பளைங்களுக்கு இருக்கிற மாதிரியே இதுக்கும் மூத்திரப்பைகிட்ட ஒரு சுரப்பி. வயசானா வீங்கும். வீங்கின எடத்துல கிருமி பூந்துட்டிருக்குது. மாத்திரை அதுக்குள்ள எறங்கறதே கஷ்டம். அதனால ஒரு மாசத்துக்கு மேல தரணும், ஒரு வேளை கூட விடக்கூடாது. கிருமி அடங்கினதும் விதையை எடுத்துடுவோம். அப்பதான் சுரப்பி சுருங்கும்."

அந்த அறையில் இருந்த மூன்று ஆண்கள் தொடையைச் சேர்த்துக்கொண்டார்கள். நான்காவதாகச் சேர்த்துக்கொண்டவன் இன்பராஜ்.

ஆண் நாயை அறுத்த வீட்டில் ஆண்பிள்ளைக்குக் கல்யாணம் கூடாது என்று அவர்கள் தெருவில் ஒரு பேச்சு உண்டு. அதைக் கிண்டல் செய்து இன்பராஜ் ஒரு இதழே நிரப்பியிருக்கிறான். இப்போது அவனுக்குத் திடீரென்று ஆதாரம் பார்க்கத் தோன்றியது. எதிர்வீட்டு அண்ணனுக்கு நாற்பது நெருங்குகிறது, பெண் அமையவில்லை. அவர்கள் வீட்டு நாய் அறுத்த நாய். அண்ணன் வேலைக்கே போனதில்லை என்பதை நம் விஞ்ஞானி கணக்கில் சேர்க்கவில்லை.

"அறுத்துடுடா" என்றாள் அம்மா, ஷூ கம்பெனிக்குக் கிளம்பிக்கொண்டே. "நாய்க்கும் உன் கல்யாணத்துக்கும் இன்னா சம்பந்தம்? உன் மூஞ்சிக்குத்தான் சம்பந்தம்."

"எனக்கு அதுல நம்பிக்கை கெடையாதும்மா. ஆனா எதுக்கும் மாற்று வழிய ஆராயணும்."

மாத்திரையில் துரை தேறி வந்தது. ரத்தம் நின்றது. அறுவைக்கு நாள் நெருங்க நெருங்க, இன்பராஜுக்கு ஆராய்ச்சி ஆர்வம் பொங்கியது. ஒரு வெள்ளிக்கிழமை முகத்தில் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டு கொட்டகை வரிசையில் நின்றான். தூசிக்காகக் கட்டியது.

வேலு சாமி மாத்திரை, அறுவைக் கதையெல்லாம் கேட்டுக்கொண்டு, துரையின் அடிவயிற்றில் குழாயை வைத்தார். உறிஞ்சினார். துப்பினார். "அறுக்கவே தேவயில்ல. போய்ட்ச்சு" என்றார். அந்த ஒரு வார்த்தைக்கு இன்பராஜ் கோயிலே கட்டியிருப்பான். "ஆனா மாத்திரைய நிறுத்து. அதும் இதும் உள்ள சண்டை போடும்."

நிறுத்தினான். ஆராய்ச்சி என்றால் முறையாகச் செய்ய வேண்டுமல்லவா? இலைப் பொட்டலத்தை மட்டும் ஆற்றில் போடவில்லை. திரும்பிப் பார்த்துவிடுவோமோ என்று பயம். வண்டி டிக்கியில் வைத்துப் பூட்டிவிட்டான்.

சில நாளில் துரை படுத்துவிட்டது. உடம்பு அனலாகக் கொதித்தது. கறிச்சோற்றை முகர்ந்துகூடப் பார்க்கவில்லை. வாலை ஆட்ட முயன்று, பாதியில் விட்டுவிட்டது. பள்ளித் தோழி மெஹக் வந்து பார்த்தாள். ரசாயனத்தில் டிப்ளமா முடித்துவிட்டு, தோல் பதனிடும் டேனரி ஒன்றின் லேபில் வேலை செய்பவள்.

"மாத்திரை தர்றியா?"

"ஒரு பரிசோதனைக்காக நிறுத்தி வெச்சிருக்கேன்."

"இன்னா பரிசோதனை?"

இன்பராஜ் டிக்கியைத் திறந்து காட்டினான். மெஹக் இலையைப் பிரித்து மூக்கருகே கொண்டுபோனாள். துண்டைப் பார்த்தாள். இன்பராஜைப் பார்த்தாள். எதை முதலில் தூக்கிப் போடுவது என்று யோசிப்பது தெரிந்தது.

"யா அல்லாஹ். நாய முதல்ல வண்டில ஏத்து. உன்னைய அப்புறம் பார்த்துக்கறேன்."

தேவசகாயம் ஊசி போட்டார், டிரிப் ஏற்றினார். "சீழ் கட்ட ஆரம்பிச்சிருக்குது. இன்னும் ரெண்டு நாள் விட்டிருந்தா பொதைக்கத்தான் கொண்டுபோயிருப்ப. யாரு மாத்திரைய நிறுத்தச் சொன்னது?" இன்பராஜ் தரையில் ஏதோ தொலைத்தவன்போலப் பார்த்துக்கொண்டிருந்தான். துரை கண்ணைத் திறந்து அவன் கையை நக்கியது. திட்டியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

அடுத்த வெள்ளிக்கிழமை மெஹக் கொட்டகைக்கு வந்தாள். கூடவே இன்பராஜ், இம்முறை கைக்குட்டை இல்லாமல். மெஹக் கையில் கொஞ்சம் ஆட்டுக்கறி. வாசலில் டீ விற்கிறவரிடம் ஒரு சட்டியில் தண்ணீர் கொதிக்க வைக்கச் சொன்னாள்.

"சாமி, எடுக்கறது சதைதானே?"

"சதைதான். செத்த மிருகத்துச் சதை."

"அப்ப சரி. இது சதை" என்று கறியைப் போட்டாள். "இது போன வாரம் நீங்க எடுத்தது" என்று இலையிலிருந்த துண்டையும் போட்டாள்.

கூட்டம் சட்டியைச் சூழ்ந்தது. நாய்களும்தான், கறி வாசனைக்கு. கறி சுருண்டு வெளுத்தது. துண்டு சுருங்கவே இல்லை. சிவப்புச் சாயம் கரைந்து இறங்க, வெளிர் நீல நிறத்தில், விரித்த கைக்குட்டைபோல மிதந்தது.

அந்தக் கூட்டத்தில் பாதிப்பேர் டேனரிக்காரர்கள், மீதிப்பேர் ஷூ கம்பெனிக்காரர்கள். கண்ணை மூடிக்கொண்டு தடவியே தோலுக்குத் தரம் சொல்கிற கைகள். வாரக்கணக்கில் அந்தக் கைகளில்தான் சாமி தோலை மடித்துக் கொடுத்தார். பிரிக்காதே என்றார், பிரிக்கவில்லை.

"யோவ், வெட் ப்ளூய்யா இது!" என்றார் ஒருவர். "குரோம்ல போட்ட தோலு!"

"மாட்டுத் தோலு."

"போப்பா. ஆட்டுத் தோலு. மேல்புறத்தைப் பாரு."

"ஓரம் வெட்டின துண்டு. எங்க செக்ஷன்ல மூட்டை மூட்டையா கெடக்குது."

மோசடி மறந்துபோய், ஆடா மாடா என்று சண்டை வந்துவிடும் போலிருந்தது. மெஹக் குறுக்கே புகுந்தாள். "சாமி, அடுத்த நாய்க்கு எடுங்க. அதுக்கு முன்னாடி ஒரு தபா வாயத் தொறந்து காட்டுங்க."

வேலு சாமியின் இடது கன்னம் லேசாகப் புடைத்திருந்தது. கூட்டம் கன்னத்தையே பார்த்தது. சாமி கண்ணை மூடினார். தொண்டை ஒருமுறை ஏறி இறங்கியது. பிறகு வாயைத் திறந்தார். காலி.

விழுங்கிவிட்டார். அந்தக் கொட்டகையின் சரித்திரத்தில் முதல்முறையாக ஒரு வயிற்றுக்குள் நிஜமான இடுமருந்து போனது. எடுக்கத்தான் ஆளில்லை. குழாயைக்கூட விட்டுவிட்டுச் சாமி ஆற்று மணலில் இறங்கி ஓடினார். திரும்பிப் பார்க்கவில்லை.

இன்பராஜ் டீ பெஞ்சின்மேல் ஏறினான். "யோசிங்கய்யா! படிச்சவங்க, தொழில் தெரிஞ்சவங்க, இப்பிடியா ஏமாறுவீங்க?"

"தம்பி, நீ போன வாரம் எனக்கு முன்னாடி நின்னுக்கினு இருந்தியே? கைக்குட்டை கட்டிக்கினு?"

"அது... நான் ஆராய்ச்சிக்கு வந்தேன்."

"நாங்களும் அதுக்குத்தான்ப்பா வந்தோம்" என்றது கூட்டம், ஒரே குரலில்.

உண்மைதான். இந்த நாட்டில் மூடநம்பிக்கைக்காரன் என்று ஒருவனும் கிடையாது. அத்தனை பேரும் எதுக்கும் ஒருமுறை பார்த்துவிடலாமே என்று வந்தவர்கள். முன்னால் நிற்கிறவன் முட்டாள் என்று எல்லாருக்கும் தெரிகிறது. வரிசை மட்டும் குறைவதில்லை. தலை தொப்பி மாட்டுவதற்கு மட்டுமல்ல, அதன் உள்ளே இருப்பதையும் கொஞ்சம் பயன்படுத்திப் பார்க்கலாம்.

மாத்திரை மறுபடி முதலிலிருந்து தொடங்கியது. இன்பராஜ் அலாரம் வைத்துக் கொடுத்தான். துரை எழுந்தது, தின்றது, நிறுத்திவைத்திருந்த கம்பங்களை ஒவ்வொன்றாக விசாரித்தது. காய்ச்சல் முழுதாக விட்டதும் தேவசகாயம் தடவிப் பார்த்துத் தலையசைத்தார்.

"இனி தள்ளிப்போடாத. இந்த வெள்ளிக்கிழமை பண்ணிடலாம். காலைல பத்தரைக்குக் கொண்டாந்துடு."

"நிச்சயம் சார். அறிவியல் இருக்கறப்ப நமக்கு இன்னா பயம்?" என்றான் இன்பராஜ். துரையைத் தூக்கிக்கொண்டு வாசல்வரை போனவன் திரும்பி வந்தான்.

"சார்... பன்னெண்டு மணிக்கு மேல வெச்சுக்கலாமா?"

"ஏன்?"

"காலைல காலேஜ்ல பரீட்சை இருக்குது சார்."

"இப்ப லீவாச்சே?"

தேவசகாயம் சுவரில் தொங்கிய நாட்காட்டியைப் பார்த்தார். வெள்ளிக்கிழமைத் தாளைத் தூக்கி, ராகு காலம் எத்தனை மணி முதல் எத்தனை மணி வரை என்று பார்த்தார். பிறகு இன்பராஜைப் பார்த்தார்.

இன்பராஜ் துரையின் காதுக்குள் மும்முரமாக உண்ணி தேடிக்கொண்டிருந்தான்.