நடு முளை

தரையில் சுண்ணாம்புக் கோட்டைக் கண்டால் மற்றவர்களுக்குக் கபடி நினைவுக்கு வரும். வருவாய்த் துறைக்காரனுக்கு ஆக்கிரமிப்புதான் நினைவுக்கு வரும். (பேத்தி பாண்டி ஆடக் கட்டம் போட்டால்கூட, தெரு புறம்போக்கில் எவ்வளவு போயிற்று என்று பார்க்கிறேன்.)

வெள்ளிமலையில் வருவாய் ஆய்வாளராகச் சேர்ந்த புதிது. ஒரு புறம்போக்குப் புல்வெளியில் வரிசையாக முளை அடித்து, சிவப்புத் துணி கட்டி, கோடும் போட்டிருந்தார்கள். சினிமாப் பாட்டு எடுக்க வந்திருக்கிறார்கள் என்றார் தலையாரி. நான் நம்பவில்லை. மனை பிரித்து விற்பவன் சினிமாக்காரன் வேஷம் போடமாட்டான் என்று எந்தச் சட்டத்தில் இருக்கிறது?

அவர்கள் சாப்பிடப் போன நேரத்தில் முளைகளைப் பிடுங்கி, கோட்டைக் காலால் அழித்தோம். முளைகளைச் சான்றுப் பொருளாகத் தலையாரியிடம் ஒப்படைத்தேன். எல்லாம் விதிப்படிதான்.

சற்று நேரத்தில் ஒலிபெருக்கியில் பாட்டு கிளம்பியது. மேட்டின் இரு பக்கமிருந்தும் பெண்கள் ஆடிக்கொண்டே ஓடிவந்தார்கள். எங்கே நிற்பது என்று காட்ட முளை இல்லை. ஆகவே நிற்கவில்லை. நடுவில் மோதிச் சரிந்தார்கள்.

கழுத்தில் விசிலோடு டான்ஸ் மாஸ்டர் அம்மாள் என்னிடம் வந்தார். வயது அறுபதுக்கு மேல்.

"எந்த மாஸ்டர் அனுப்பினான் உங்கள?"

அரசாங்கம் என்றேன். அவர் நம்பவில்லை. என்னைவிடப் பெரிய சந்தேகப் பிராணி ஒன்றை அன்றுதான் பார்த்தேன்.

சிறுமியாகப் பின்வரிசையில் ஆடத் தொடங்கியவராம். ஆடத் தெரியாத கதாநாயகிகளுக்குப் பாதத்தை மட்டும் இரவல் கொடுத்தே இளமை போயிற்றாம். (முகம் தெரியாத பாதத்துக்கு யார் சான்றளிப்பது?) மாஸ்டர் ஆகிப் பல காலம் ஓடி, இப்போது இளசுகள் போட்டிக்கு வந்துவிட்டார்களாம். வெயில் இறங்குவதற்குள் இது முடியாவிட்டால் அடுத்த பாட்டு வேறு ஆளுக்குப் போய்விடுமாம். கலெக்டர் ஆபீஸ் அனுமதியையும் காட்டினார். ஒரு குறையும் இல்லை. அதுவே எனக்குச் சந்தேகமாக இருந்தது.

"மொதல்ல அந்த முளையெல்லாம் குடுங்க."

தலையாரியைப் பார்த்தேன்.

"காஞ்ச குச்சி சார், நல்லா எரிஞ்சிச்சி. நீங்களுந்தான ரெண்டு கிளாஸ் டீ குடிச்சிங்க."

அம்மாள் யோசிக்கவே இல்லை. வேடிக்கை பார்த்த ஆட்களையெல்லாம் முளைகளாக நிறுத்தினார். நான் நடு முளை. பெண்கள் என்னைப் பார்த்து ஓடிவந்து சுற்றுவார்கள். விசில் கேட்டதும் முளைகள் காமிராவில் விழாதபடி புல்லில் படுத்துவிட வேண்டும் என்று உத்தரவு.

விசில் கேட்டது. எல்லா முளையும் படுத்தது. நான் படுக்கவில்லை. என்னைப் படுக்கவைத்துவிட்டு அங்கே எல்லைக் கல் நட்டால்?

பாட்டு முடிந்தபோது மலையில் வெயில் இல்லை. மறுபடி எடுக்க வழியும் இல்லை. அம்மாள் என்னையே வெகுநேரம் பார்த்தார். "இருக்கட்டும், அப்படியே வச்சிக்கலாம்," என்றார்.

படம் சங்கராபுரத்துக் கொட்டகைக்கு வந்தது. குடும்பத்தோடு போனேன். பெண்கள் சுற்றிச்சுற்றி ஆட, நடுவில் அக்குளில் குடையோடு ஒருவன் முறைத்துக்கொண்டு நிற்கிறான். கொட்டகை விசிலடித்துத் தீர்த்தது. அடுத்த பாட்டும் அம்மாளுக்கே கிடைத்தது. அதிலும் கிணற்றடியில் ஒருவன் ஆடாமல் முறைத்தான். அதற்கடுத்த பாட்டில் படகில் நின்று முறைத்தான். கடைசிவரை அதுதான் அவருடைய முத்திரையாம்.

எங்கள் வீட்டுக் கல்யாணங்களில் குரூப் போட்டோ எடுக்கும்போது என் மனைவி இன்றும் போட்டோக்காரரிடம் சொல்கிறாள்:

"மொதல்ல இவர நடுவுல நிறுத்துங்க. மத்தவங்க தானா வந்து சுத்தி நிப்பாங்க. விசிலு மட்டும் அடிச்சிப் பாக்காதிங்க, நகரமாட்டாரு."