நாயகன் தோளில் ஒரு கை

சினிமாவில் நாயகன், வில்லன், கோமாளி என்று மூன்றே இனங்கள்தான் உண்டு என்று நினைத்துக்கொண்டிருக்கிறீர்களா? நான்காவது ஒன்று இருக்கிறது. பக்கத்தில் நிற்பவர்.

எங்கள் மியூனிக் ஸ்டுடியோ கேன்டீனில் இந்த இனம் நன்றாகக் கொழுத்து வளர்ந்திருக்கும். வென்டலின் க்ரோபரையே எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் உலகப் போருக்கு முன்பு படங்களில் சிப்பாய்; போர் நடந்தபோது சார்ஜெண்ட்; எல்லாம் முடிந்து, மலையும் மானும் காதலும் இருந்தால் போதும் என்று ஜனங்கள் டிக்கெட் வாங்க ஆரம்பித்ததும் வனக்காவலர். சீருடை ஒன்றுதான். பொத்தானை மட்டும் மாற்றித் தைத்தார்கள்.

"நான் தலையாட்டலேன்னா நாயகன் பேசுறத எவன் நம்புவான்?" என்பார், உருளைக்கிழங்கு சாலட்டைக் கிளறிக்கொண்டே.

எடிட்டர் நம்பினார். போன படத்தில் வென்டலினை முழுதாக வெட்டியெறிந்துவிட்டார். அந்தப் படத்துக்குத் தெருவையே கூட்டிக்கொண்டு போயிருந்தார் இறைச்சிக்கடை நடத்தும் மாமியார் கிரெசென்ஸ்.

"மாப்ளே, நாய் வந்துச்சு, ரெண்டு மான் வந்துச்சு. நீங்க எப்ப வந்தீங்க?"

"வெட்டிட்டாங்க, அத்தை."

"வெட்டுற எடத்துலதான் இருக்கணும்னா நம்ம கடைக்கே வரலாமே! அடுத்த படத்துலயும் காணோம்னா, பேசாம ஏப்ரன மாட்டிக்கிட்டு வந்துடுங்க."

இருபது வருடக் கலை வாழ்க்கை ஒரு ஏப்ரனில் முடிவதா? வென்டலின் யோசித்தார். அடுத்த படத்தில், காதலி ஊரைவிட்டுப் போக, நாயகன் வேலியோரம் நின்று அழும் காட்சி. வனக்காவலருக்கு வசனம் கிடையாது. கேமரா ஓடத் தொடங்கியதும் நாயகன் தோளில் கையை வைத்து அழுத்தினார். இனி இவரை வெட்ட வேண்டுமென்றால் அவனையும் சேர்த்துத்தான் வெட்ட வேண்டும்!

"கைய எடுங்க, க்ரோபர்!" என்று கத்தினார் இயக்குநர்.

"ஆறுதல் சார்."

"யார்யா கேட்டா ஆறுதல?"

நாயகனே தடுத்தான். "இருக்கட்டும் சார். அவரு அமுக்குற அமுக்குலதான் எனக்கு அழுகையே வருது."

கை நிலைத்தது.

படம் வெளியான அன்று மாமியார் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். திரை முழுக்க நாயகன் முகம், கன்னத்தில் கண்ணீர், தோளில் தடித்த விரல்களும் கல்யாண மோதிரமுமாக ஒரு கை. அந்தக் கைக்குச் சொந்தக்காரர் திரைக்கு வெளியே எங்கோ நின்றுகொண்டிருந்தார். யாரும் வெட்டவில்லை. கேமராதான் கொஞ்சம் நெருங்கிப் போயிருந்தது. அரங்கமே விசும்பியது.

"அது நீங்கதானா?" என்றார் மாமியார், கண்ணைத் துடைத்தபடி.

"நானேதான், அத்தை."

"கை நல்லா உருக்கமாத்தான் நடிக்குது." கைக்குட்டையை மடித்து வைத்துக்கொண்டார். "கடைக்கு அது போதும்."

இப்போது வென்டலின் கல்லாவுக்குப் பக்கத்தில் ஏப்ரனோடு நிற்கிறார். 'அந்தக் கை இதுதானா?' என்று யாராவது கேட்டால், அவர்கள் தோளில் வைத்தே காட்டுகிறார். கேட்காதவர்களுக்கும் காட்டுகிறார்.

சிரிக்கிறீர்களா? நல்லது. அப்படியே எழுந்துபோய் உங்கள் தங்கையின் கல்யாண ஆல்பத்தைப் புரட்டுங்கள். மாப்பிள்ளை குனிந்து தாலி கட்டுகிறார். அவர் தோளில், கடிகாரம் கட்டிய அந்தக் கை யாருடையது?

அந்தக் கடிகாரத்தை நான் எங்கோ பார்த்திருக்கிறேனே!