மீசை பெண் பார்த்த சாயங்காலம்

மீசையே இல்லாமல் ‘மீசை’ என்று பெயர் வாங்கிய மனிதர், அறுபதுகளின் செஞ்சியில் மட்டுமல்ல, இந்த உலகத்திலேயே எங்கள் ஆபீஸ் நகல் குமாஸ்தா ஒருவர்தான். மழமழவென்று சவரம் செய்த முகம். ஆனால் எந்தப் பூச்சியைக் கண்டாலும் பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்து அதன் தலையில் நீட்டிக்கொண்டிருக்கும் மீசையைப் பார்க்காமல் விட மாட்டார்.

“மீசை முனை தீக்குச்சித் தலையாட்டம் இருந்தா வண்ணத்துப்பூச்சி. நூலாட்டம், எறகாட்டம் இருந்தா விட்டிலு. இதுகூடத் தெரியாம இன்னாத்துக்குப்பா பி.ஏ. படிச்ச?” என்பார் என்னிடம்.

ஒருநாள் மேலதிகாரி எங்களைக் காய்ச்சிக்கொண்டிருந்தபோது அவர் காலரில் ஒரு பூச்சி உட்கார்ந்தது. மீசை எழுந்து போய் அவர் காதருகே குனிந்துவிட்டார். ஏதோ ரகசியம் சொல்ல வருகிறார் என்று நினைத்த அதிகாரி எங்களை எல்லாம் வெளியே அனுப்பினார். உள்ளே என்ன நடந்ததோ, மறுநாள் மீசையின் நாற்காலி ரிக்கார்டு ரூமில் கிடந்தது. அங்கே பூச்சி அதிகம் என்று அவருக்கு ஒரே சந்தோஷம்.

கல்யாணம்தான் அமையவில்லை. மூன்று இடம் தட்டிப்போயிற்று. மூன்றாவது இடத்தில் பெண்ணின் காதோரம் உட்கார்ந்த பூச்சியை அவர் உற்றுப் பார்த்த பார்வையில், பெண்ணுக்குக் காது கேட்காதோ என்று சந்தேகப்படுகிறார் போலிருக்கிறது என்று அவர்கள் கோபித்துக்கொண்டார்கள். மீசைக்கு அப்போதே முப்பத்தாறு வயது. அவருடைய அக்கா தீர்த்துச் சொல்லிவிட்டார்.

“தொண்டூர் பொண்ணுதான் கடைசி. அங்கயும் பூச்சியப் பாத்தேன்னு வையி, நீ பூச்சியவே கட்டிக்கோ!”

மீசை பயந்துபோய்ப் பூதக்கண்ணாடியை என்னிடம் ஒப்படைத்தார். “நானே கேட்டாலும் குடுத்துடாதப்பா. எனக்கும் வூடு வாசல்னு ஒண்ணு வேணும்ல?” எனக்கு மிகவும் பாவமாக இருந்தது.

இரண்டு பக்கமும் தமிழ் ஜைனர்களான நயினார் குடும்பம். ஜைனர்கள் பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிட வேண்டும். நாங்கள் தொண்டூருக்குப் பெண் பார்க்கப் போன அன்று கார்த்திகை மாத மழை மூட்டம், நேரத்தோடேயே இருட்டிக்கொண்டு வந்தது. அவசரமாக இலை போட்டார்கள். பெண் தண்ணீர் வைக்க வந்தாள். அப்போது பார்த்து, கனத்த உடம்போடு பழுப்பாக ஒன்று விர்ரென்று பறந்து வந்து மீசையின் இலை நுனியில் உட்கார்ந்தது. கண் இரண்டும் ரத்தச் சிவப்பு.

மீசை கண்ணை இறுக மூடிக்கொண்டார். உதடு மட்டும் துடித்தது. அக்கா என்னை முறைத்தார். நான் சட்டைப் பையைப் பொத்திக்கொண்டேன்.

“விட்டிலு வந்துடிச்சி! யாரும் அடிச்சிடாதீங்க” என்று பதறினார் பெண்ணின் தகப்பனார்.

அவர்கள் பூச்சியைக் கொல்ல மாட்டார்கள். சாப்பாட்டு நேரத்தில் உள்ளே வருவதையெல்லாம் பிடித்து வெளியே விடுவது அந்த வீட்டில் பெண்ணின் வேலை. அவள் ஒரு காலிக் கண்ணாடி டம்ளரை அதன்மேல் கவிழ்த்து, அடியில் ஒரு போஸ்ட் கார்டைச் செருகித் தூக்கினாள்.

“விட்டிலு இல்ல நைனா, வண்ணத்துப்பூச்சிதான். மீசையப் பாரு, முனை கொக்கியாட்டம் வளைஞ்சிருக்குது. ரெக்கையில மஞ்சக் கண்ணாடியாட்டம் புள்ளி. தெனம் பொழுது சாயறப்ப வரும். இதோட புழுதான் நம்ம தென்னங்கீத்தச் சுருட்டிக்கினு, வெள்ளப் பஞ்சு சுத்துனாப்ல உள்ள கெடக்குது.”

மீசை கண்ணைத் திறந்தார். பூச்சி எதிரில் இருக்க, பூச்சியை விட்டுவிட்டு ஒரு மனுஷியை அவர் பார்த்தது அதுவே முதல் தடவை.

“கொக்கியா?” என்றார்.

“கிட்ட வந்து பாருங்க.”

அக்கா தலையில் கை வைத்துக்கொண்டார். நான் வாக்குத் தவறிப் பூதக்கண்ணாடியை நீட்டினேன். ஒரு டம்ளருக்கு மேல் இரண்டு தலைகள் முட்டிக்கொண்டன. அந்த ஆராய்ச்சி முடிவதற்குள் பொழுது சாய்ந்துவிட்டது. அப்புறம் யாருக்கும் சாப்பாடு கிடையாது. ஜைனனாக இல்லாத நானும் கொலைப் பட்டினியாகத்தான் பஸ் ஏறினேன். தை மாதம் கல்யாணம்.

பந்தலில் அவரிடம் பூதக்கண்ணாடியைத் திருப்பிக் கொடுத்தேன். வாங்கவில்லை. “நீயே வெச்சிக்கப்பா. இனிமே அவ பாத்துச் சொல்லுவா.”

இப்போதும் விளக்கு வைத்ததும் ஏதாவது பூச்சி வந்தால் எங்கள் வீட்டில் எல்லோரும் துடைப்பத்தைத் தேடுவார்கள். நான் அந்தப் பூதக்கண்ணாடியைத் தேடுவேன். மீசையை ஒருமுறை பார்த்தால் தேவலை என்றிருக்கும்.