சுவீடன்காரிக்கு அழ ஓர் ஆள்

சாவதில் சுவீடன்காரிக்கு இருந்த அனுபவம் மொன்றியலில் வேறு ஒருவருக்கும் இருந்திருக்காது. படங்களில் அவ தண்ணீரில் விழுந்து செத்திருக்கிறா, ரயிலில் அடிபட்டுச் செத்திருக்கிறா, காசநோயில் இருமி இருமிச் செத்திருக்கிறா. ஒரு படத்தில் பெயர் போட்டு முடியுமுன்னமே ஆள் பிணம்.

லாசாலில் எங்கள் கட்டடத்தில் எனக்கு அடுத்த கதவு. பெயர் ஒருவர் வாயிலும் நுழையாது. தமிழ்ச் சனத்துக்கு அவ சுவீடன்காரிதான். தன் ஊரில் நாடக மேடையில் ராணியாக நின்றவவாம். மேடையில் ராணி, படத்தில் பிரேதம். கப்பலில் வேலை செய்த ஒருவரைக் கட்டி இங்கே துறைமுகத்தில் வந்து இறங்கிய பிறகு கிடைத்தது ஒரேயொரு வேஷம்: மூட்டுவலி மருந்து விளம்பரத்தில் படி ஏறுவது. சாகாமல் நடித்தது அது ஒன்றுதான். அதைத் தனக்கு நேர்ந்த அவமானம் என்றே சொல்லுவா. புருஷனும் போய்ச் சேர்ந்த பிறகு தனிக்கட்டை.

நான் ஆட்களோடு கதைக்கக் கூச்சப்படுகிறவள். அவவுக்கு அதுதான் பிடித்தது. இரண்டு பேருக்கும் உடைந்த இங்கிலீஷ். அவ கதைப்பா, நான் தலையாட்டுவேன்.

ஆற்றுக்கு அக்கரையில் புரோசார்ட்டில் எங்கள் ஊர்க்காரர் ஒருவர் மோசம்போய்ச் செத்தவீடு நடந்தபோது தானும் வாறன் என்று கறுப்புத் தொப்பியோடு காரில் ஏறிவிட்டா. போய் முன்வரிசையில் இருந்து, அழுகிற பெண்களை நாடகம் பார்ப்பதுபோலப் பார்த்தா. திரும்பி வரும்போது விமர்சனம்: பச்சைச் சேலைக்காரி கெட்டிக்காரியாம், பக்கத்தில் நின்றவ கண்ணீரில்லாமல் கத்தினவவாம். பாலம் ஏறும்வரை அதே கதை. பாலத்தில் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தா. வீட்டு வாசலில்தான் கேட்டா.

“எனக்கு ஆர் அழுவினம்?”

அவவின் ஊரில் அண்ணனின் மகள் ஒருத்தி மட்டும் இருந்தா. அந்த நாட்டில் செத்தவீட்டில் சத்தம் போட்டு அழமாட்டார்களாம். நீ அழு என்று என்னைக் கேட்டா. பிரேதப் பெட்டிக்குப் பக்கத்தில் போகவே நடுங்குகிற நான், மாட்டேன் என்று சொல்லவும் கூச்சப்பட்டு ஓம் என்றுவிட்டேன்.

ஒத்திகை கீழே உடுப்புத் தோய்க்கிற அறையில். மெஷின் இரைச்சலில் என் சத்தம் வெளியே கேளாது என்று நான்தான் அந்த இடத்தைச் சொன்னேன். உடுப்பு மடிக்கிற மேசையில் அவ கைகட்டிப் படுத்துவிடுவா. நான் அழ வேண்டும். சத்தம் கடைசி வரிசைக்குப் போகவில்லை என்று பிரேதம் குறை சொல்லும். முகத்தை மூடாதே, மூக்கை இழுக்காதே என்னும். உண்மையாய் அழுதால் தொண்டை அடைத்துவிடும், அந்த அழுகை ஒன்றுக்கும் உதவாது என்னும்.

ஒருநாள் என் மகள் உடுப்புக் கூடையோடு வந்துவிட்டாள்.

“அம்மா, என்ன செய்யிறியள்?”

“அழப் பழகிறன் பிள்ளை.”

“ஆர் செத்தது?”

தமிழ் தெரியாத பிரேதம், கேள்வி மட்டும் விளங்கிக் கையை உயர்த்தியது.

மாசியில் அவ செத்தா. ஆஸ்பத்திரியில், நேர்ஸ் வெளியே போன நேரம். அத்தனை சனம் பார்க்கப் பார்க்கச் செத்த மனுஷி, கடைசித் தரம் ஒருவரும் பாராமல் செத்தா.

மண்டபம் நிறையக் கதிரை போட்டிருந்தார்கள். வந்தது அண்ணன் மகளும், கட்டடம் பார்க்கிற மனிதரும், என்னைக் கூட்டி வந்த மகளும். பெட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றேன். பழகினது ஒன்றும் வரவில்லை. வாயைத் திறந்தால் காற்றுத்தான். பேசாமல் வீட்டுக்குப் போய்விடலாம் என்று திரும்பினேன். அண்ணன் மகள் என் கையைப் பிடித்தா.

“நீங்கள்தானே அது? இங்கை தனக்கு அழ ஒரு ஆள் இருக்கெண்டு மாமி போனிலை ஒவ்வொரு முறையும் சொல்லுவா.”

பிறகு நான் அழுததை அழுகை என்று சுவீடன்காரி ஒப்புக்கொள்ளவே மாட்டா. கோட்டுக் கையால் முகத்தை மூடி, மூக்கு ஓட, தொண்டை அடைக்க அழுதேன். முன்வரிசைக்குக்கூடக் கேட்டிராது.

பிழையென்றால் எழும்பி வந்து திருத்தட்டும்.