ஸ்பானா அண்ணன் எழுதிய பழுது

மலாக்காவின் காஜா பேராங் தெரு வழியாக ஓடிய பஸ்களில் ஒன்றுகூடக் கம்பெனி முதலாளிக்குச் சொந்தமானதில்லை. எல்லாம் ஸ்பானா அண்ணனுடையவை. இந்த விஷயம் முதலாளிக்கே கொஞ்சம் தாமதமாகத்தான் தெரியவந்தது.

பட்டறையில் அவர் தலைமை மெக்கானிக். சட்டைப்பையில் ஸ்பானா என்கிற திருகுசாவி ஒன்று குத்திட்டு நிற்கும். கோயிலுக்குப் போனாலும் நிற்கும். பெற்றவர்கள் வைத்த பெயர் அவருக்கே மறந்துபோயிருக்கலாம். காலையில் ஒவ்வொரு பஸ்ஸும் கிளம்புமுன் டிரைவரிடம் ஒரு நீல அட்டை நோட்டை நீட்டுவார். அந்த பஸ்ஸின் குறைகளெல்லாம் அதில் இருக்கும். பிரேக் இடப்பக்கம் இழுக்கும், மூன்றாவது ஜன்னல் மூடாது, ஹாரன் ஆட்டுக்குட்டிபோல் கத்தும். அடியில் அவர் கையெழுத்து. படித்துவிட்டு டிரைவரும் கையெழுத்துப் போட வேண்டும். எழுதத் தெரியாத பாக் மாட் என்கிற மலாய்க்கார டிரைவர் தினமும் ஒரு மீனை வரைந்துவிட்டு வண்டியில் ஏறுவார்.

அதற்குப் பிறகுதான் சக்கரத்துக்கு முட்டுக்கொடுத்த கட்டையை ஸ்பானா அண்ணன் உதைத்துத் தள்ளுவார். கட்டைவிரலை உயர்த்திக் காட்டி, வண்டி என்னுடையது, இரவல்தான் கொடுத்திருக்கிறேன், முழுசாகக் கொண்டுவந்து விடவேண்டும் என்று எச்சரித்து அனுப்புவார். பக்கத்தில் நிற்கும் முதலாளியும் சேர்ந்து தலையாட்டுவார். மலாக்காவில் வழியில் நின்றுபோகாத பஸ்கள் எங்கள் கம்பெனியுடையவை மட்டுமே.

இதெல்லாம் சண்டை விமானங்களோடு வாழ்ந்த பழக்கம். ஜப்பான்காரன் வருவதற்குமுன் சிங்கப்பூரில் வெள்ளைக்காரனின் விமானப்படையில் மெக்கானிக்காக இருந்தவர் அவர். அவர் பராமரித்த விமானத்துக்குப் பெயர் பஃபலோ. எருமை என்று பெயர் வைத்துவிட்டு அது பருந்துபோல் பறக்கவில்லையே என்று பிறகு வருத்தப்பட்டார்கள். குட்டை, பருமன், நம் ஊர் வெயிலில் மேலே ஏறுவதற்குள் மூச்சு வாங்கும். ஜப்பான் விமானங்கள் அதைச் சுற்றிச் சுற்றி வந்து அடித்தன என்று ஊரே சொல்லும். ஆனால் அவர் காதுபடச் சொல்லக்கூடாது. எங்கள் தெருக் கோப்பிக் கடைக்காரர் ஒருநாள் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டார். ஆறு மாதம் எதிர்க்கடையின் மட்டமான கோப்பியைக் குடித்து அந்த விமானத்தின் மானத்தைக் காப்பாற்றினார் ஸ்பானா அண்ணன்.

அவருடைய காது தனி ரகம். நமக்கு வானம் நிசப்தமாக இருக்கும்போதே அவர் கோப்பியைக் கீழே வைத்துவிட்டு, "ரெண்டு எஞ்சின். வலது எஞ்சின்ல ஒரு பிளக் சரியில்ல" என்பார். இரண்டு நிமிடம் கழித்து அந்த விமானம் தலைக்கு மேலே வரும். உடனே எழுந்து நின்று, முகம் தெரியாத அந்த பைலட்டுக்கும் கட்டைவிரலை உயர்த்துவார். எங்களுக்கு அறை வாடகைக்கு விட்டிருந்தவர், பல தலைமுறைக்கு முன்பே மலாக்காவில் குடியேறிய செட்டி வம்சத்து அம்மா. அவருக்குக் கும்பிடத் தமிழ் தெரியும், பேச மலாய்தான். அவர் நெற்றிப்பொட்டைத் தட்டி, "கீலா" என்று தம் தீர்ப்பை ஒரே சொல்லில் முடித்துக்கொள்வார். பைத்தியம் என்று அர்த்தம்.

எங்களுக்கு என்றேனே, அந்த அறையின் இன்னொரு பாதி அடியேன். அதே கம்பெனியில் கிராணி, அதாவது குமாஸ்தா. விமானச் சத்தத்தைக் கேட்டால் அவர் எழுந்து நிற்பார், நான் மேசைக்கு அடியில் போய்விடுவேன். சிறுவயதில் குண்டு விழுந்தபோது சாக்கடைக்குள் குதித்துப் பழகிய கால்கள். சண்டை முடிந்துவிட்டதை ராஜாவுக்குச் சொன்னார்கள், மந்திரிக்குச் சொன்னார்கள், என் கால்களுக்கு யாரும் சொல்லவில்லை.

மெர்டேக்கா என்கிற சுதந்திர நாள் நெருங்கிய சமயத்தில் எனக்கு ஒரு பெண் பார்த்தார்கள். செமாபோக்கில் வீடு. பெயர் பார்வதி, பள்ளிக்கூட டீச்சர். ஒரு திருவிழாவில் அவள் பிள்ளைகளை வரிசையில் நிறுத்திய அழகைப் பார்த்துவிட்டு, நானும் அந்த வரிசையில் நிற்கலாமா என்று யோசித்தவன் நான். அவளைத் தவிர வேறு யாரையும் கட்டுவதில்லை என்று முடிவு செய்திருந்தேன். இதைச் சுவரிடம் மட்டும் சொல்லியிருந்தேன்.

ஆனால் விதி பசாரில் மீன் வாங்க வந்திருந்தது. நான் வஞ்சிரத்துக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தபோது மேலே ஒரு விமானம் போயிற்று. அடுத்த கணம் நான் மீன்பலகைக்கு அடியில் கிடந்தேன். யாரோ ஒருவர் ஓடிவந்து என் உள்ளங்கையில் சாவிக்கொத்தைத் திணித்து, விரல்களை இறுக்கி மூடினார். காக்காய் வலிப்பு என்றால் இரும்பைக் கொடுக்க வேண்டுமல்லவா. அந்தப் புண்ணியவான் ஆஸ்பத்திரியில் கட்டுப்போட்டு மருந்து கொடுக்கும் டிரஸ்ஸர். பார்வதியின் அப்பா.

வலிப்புக்காரனுக்குப் பெண் இல்லை என்று கல்யாணத் தரகரிடம் சொல்லிவிட்டார். தரகர் கெஞ்சியதில் ஒரே ஒரு சாயங்காலம் கிடைத்தது. வந்து உட்கார்ந்து, நேராகப் பேசி, ஆரோக்கியத்தைக் காட்டிவிட்டுப் போகலாம். அந்த வாரம் பார்த்து மெர்டேக்கா ஒத்திகைக்காக விமானங்கள் ஊரைச் சுற்றிக்கொண்டிருந்தன.

ஸ்பானா அண்ணனின் காலில் விழுந்தேன். திட்டம் எளிமையானது. அவர் என் உறவுக்காரராகக் கூட வருவார். விமானம் வருவது காதில் பட்டதும் இரண்டு தடவை இருமுவார். நான் கொல்லைப்பக்கம் போய் ஒளிந்துகொண்டு, விமானம் போனதும் திரும்புவேன். யாராவது கேட்டால் பையனுக்கு ஒரு குறையும் இல்லை என்று சொல்லவேண்டும். இதற்கு மட்டும் அவர் தலையை ஆட்டவும் இல்லை, மறுக்கவும் இல்லை. சம்மதம் என்று நானாக எடுத்துக்கொண்டேன்.

கிளம்புமுன் என் காலரைப் பிடித்து இழுத்தார், பொத்தான்களைத் திருகினார், முழங்காலில் ஸ்பானாவால் ஒரு தட்டு. பிறகு அவர் சைக்கிளை மிதிக்க, நான் பின்னால் உட்கார்ந்து செமாபோக் போனோம்.

டிரஸ்ஸர் வீட்டில் வடையும் கோப்பியும் வந்தன. பார்வதி கோப்பியை வைத்துவிட்டு உள்ளே போகுமுன் என்னை ஒருமுறை நேராகப் பார்த்தாள். வரிசையில் நிற்பதுபோல் நிமிர்ந்தேன். ஸ்பானா அண்ணன் இருமினார். கொல்லைக்குப் போய்த் தண்ணீர்ப் பானைக்குப் பின்னால் பதுங்கிவிட்டு வந்தேன். பத்து நிமிடத்தில் மறுபடி இருமல், மறுபடி பானை. திரும்பி வந்தபோது டிரஸ்ஸர் மிகுந்த அக்கறையோடு வயிற்றைப் பற்றி விசாரித்து, ஒரு கிளாஸ் வெள்ளை மருந்தைக் கலந்து வைத்திருந்தார். மணமகனுக்குரிய புன்னகையோடு அதைக் குடித்துத் தீர்த்தேன்.

மூன்றாவதாக வந்தது ஜெட். பழைய விமானங்கள் நாகரிகமானவை, இரண்டு மைல் தூரத்திலிருந்தே வருகிறேன் என்று சொல்லி அனுப்பும். இந்த ஜெட் சத்தத்தையும் தன்னையும் ஒன்றாகக் கூரைமேல் கொண்டுவந்து போட்டது. ஸ்பானா அண்ணன் வாயைத் திறந்தார், இருமல் வரவில்லை. நான் மேசைக்கு அடியில் இருந்தேன். என் உள்ளங்கையில் மறுபடியும் அந்தச் சாவிக்கொத்து.

டிரஸ்ஸர் ஸ்பானா அண்ணனைப் பார்த்துக் கேட்டார். "மறைக்காம சொல்லுங்க. வலிப்புதானே?"

ஒரு பொய், ஒரே ஒரு சின்னப் பொய் போதும். காலையிலிருந்து காய்ச்சல் என்று ஸ்பானா அண்ணன் சொன்னால் தப்பித்துவிடுவேன். மேசைக்கு அடியிலிருந்து அவருடைய வேட்டி நுனியைப் பிடித்து இழுத்தேன். அவர் மடியிலிருந்து நீல அட்டை நோட்டை எடுத்தார். பஸ்களின் பக்கங்களுக்குப் பின்னால் எனக்கென்று ஒரு பக்கம் இருந்தது. அதை நிதானமாக வாசித்தார். விமானச் சத்தம் கேட்டால் எங்கே இருந்தாலும் கீழே போவான், இரண்டு நிமிடத்தில் தானாக மேலே வருவான். நினைவு தப்பாது. நுரை தள்ளாது. குறட்டை உண்டு. பொய் சொல்ல வராது, ஆனாலும் முயற்சி செய்வான். மற்ற பாகங்கள் நல்ல நிலை.

அங்கேயே செத்துப்போகலாம் என்று தோன்றியது. மேசைக்கு அடியில் அதற்கு வசதியாகத்தான் இருந்தது.

"பழுதை எழுதிக் கொடுத்த வண்டி வீடு திரும்பிடும் ஐயா" என்றார் ஸ்பானா அண்ணன். "நான் கையெழுத்துப் போட்டிருக்கேன். நீங்களும் படிச்சுப் பாத்துப் போடுங்க."

டிரஸ்ஸர் குனிந்து என் கண்ணிமையைத் தூக்கிப் பார்த்தார். "அப்ப இது வலிப்பு இல்ல. வெறும் பயம்."

"ஆமாங்க, வெறும் பயந்தான்" என்றேன். அந்த வார்த்தையை அவ்வளவு பெருமையோடு நான் அதற்குமுன் சொன்னதில்லை.

கதவுக்குப் பின்னாலிருந்து பார்வதியின் குரல் வந்தது. "அப்பா, எனக்குப் பல்லின்னா பயம். நாற்காலி மேல ஏறிடுவேன். அதையும் அந்த நோட்டுல எழுதிக்கச் சொல்லுங்க."

டிரஸ்ஸர் சாவிக்கொத்தை என் கையிலிருந்து எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டார். ஒருத்தர் மேலே, ஒருத்தர் கீழே, குடும்பம் நடக்கும் என்றார். பிறகு பேனா கேட்டார்.

திரும்பும் வழியில் நன்றி சொல்லவேண்டிய நான் சண்டைதான் பிடித்தேன். ஒரு பொய் சொன்னால் குறைந்தா போய்விடுவீர்கள், காரியம் கெட்டிருந்தால் என் கதி என்ன என்று அவருடைய முதுகிடம் கேட்டேன்.

"என் பிளேனை எடுத்துட்டுப் போனவன் ஒரு நியூசிலாந்துக்காரப் பையன்" என்றார். "இருபது வயசு. ஏறுறதுக்கு முன்னால சக்கரத்துக்குப் பின்னால போய் வாந்தி எடுப்பான். யார்கிட்டயும் சொல்லிடாதேன்னு கெஞ்சினான். நான் எண்ணெய் ஒழுகுறத எழுதினேன், டயர் தேஞ்சத எழுதினேன். அவன எழுதல."

அந்தப் பையன் என்ன ஆனான் என்று கேட்டேன்.

"ஒருநாள் காலையில போனான். நான் இருட்டுற வரைக்கும் ஓடுபாதை ஓரத்துலயே நின்னேன்."

புக்கிட் சீனா குன்றின் ஓரமாக மேடு வந்தது. இறங்கி நடக்கிறேன் என்றேன். அவர் கேட்கவில்லை. நான் அப்போதே ஒல்லி இல்லை. அவருக்கு மூச்சு வாங்கியது, சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. ஆனாலும் என்னை இறக்கிவிடாமல் கடைசிவரை மிதித்தே ஏற்றினார். அன்று வானத்தில் இன்னும் எத்தனை விமானங்கள் போயின என்று எனக்குத் தெரியாது. நான் அந்த முதுகையே பார்த்துக்கொண்டு வந்தேன்.