கதவுக்கு வெளியே நின்றவர்

காசெல்,
அக்டோபர் 1974

வரலாற்று ஆவணப்படங்களை ஆக்கி அளிக்கும் தொலைக்காட்சி ஆசிரியர் அவர்களுக்கு,

நலம் விழைந்து, வணங்கி, ஆயினும் சிறிதும் வளையாமல் எழுதுகிறேன். நான் மேனாள் மாநில அமைச்சர் ஏகோன் ப்ரைட்டன்பாக்கின் மனைவி வால்ட்ராவுட். வியாழனன்று எம் இல்லத்தில் நீங்கள் நடத்தவிருக்கும் படப்பிடிப்புக்கு இசைவுக் கடிதம் எழுதி வைக்குமாறு என் கணவர் பணித்தார். இது அக்கடிதம் அன்று.

போர்க்காலத்தில் பெர்லினில் அவர் அதிகாரியாக இருந்தபோது, எங்கள் கீழ்வீட்டு லெவின்ஸ்கி குடும்பத்தைப் போன்ற யூதர்களைத் தொடர்வண்டியில் ஏற்றிக் கொலைமுகாம்களுக்கு அனுப்பும் ஆணை கையொப்பமான நாளைப் பற்றி உங்கள் படங்களில் பலமுறை பேசிவிட்டார். முதற்படத்தில் தாழ்வாரத்தில் நின்றார், ஒன்றும் அறியார். அடுத்த படத்தில் கதவில் காதை வைத்துக் கலங்கினார். அதற்கடுத்ததில் உள்ளே புகுந்து மேசையைக் குத்தினார். எதிர்வீட்டு ஹேபர்லே அம்மையார் படிக்கட்டிலேயே என்னை மறித்தார்: "என்னம்மா, உங்க வீட்டுக்காரரு படத்துக்குப் படம் முன்னால வந்துக்கிட்டே இருக்காரு! இன்னும் ரெண்டு எடுத்தா போரையே நிறுத்திடுவாரு போலிருக்கே!"

இம்முறை மேலதிகாரியின் கையிலிருந்த எழுதுகோலையே பிடுங்கப்போகிறாராம். இளமையாகத் தோன்ற மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு நாள்தோறும் ஒத்திகை. என் கையிலிருந்த உருளைக்கிழங்குக் கத்தி போயிற்று, பின்னல் ஊசி போயிற்று, ஞாயிறன்று காப்பிக்கு வந்த போதகரின் முள்கரண்டியும் போயிற்று. "கையெழுத்துப் போடாதீங்க!" என்று இவர் முழங்க, பிளம் கேக் போதகரின் மடியில் விழ, "ஐயா, நான் கேக்குதானே சாப்பிடுறேன்!" என்று அவர் அலற, நான் பொறுமையிழந்து சொன்னேன்: "ஏங்க, நீங்க பேனாவைப் பிடுங்கல. எடுத்துக் குடுத்தீங்க."

"உனக்கெப்படித் தெரியும்? நீ அங்க இருந்தியா?"

"நீங்களும் தாழ்வாரத்துலதான இருந்தீங்க!"

தெரியும், ஐயா! அன்றிரவு நான் சூப் பரிமாறிக்கொண்டிருந்தபோது, "பெரியவரு என் பேனாவாலதான் கையெழுத்துப் போட்டாரு!" என்று அதை உயர்த்திப் பிடித்துப் பூரித்தவர் இவர். சில நாளில் கீழ்வீடு வெறுமையானது. அதன் கதவில் ஒட்டிய அரசு முத்திரைக் காகிதத்தைக் கடந்துதான் நாங்கள் கடைக்குப் போனோம். அவர்கள் ஒருவரும் உங்கள் படத்தில் பேச வரப்போவதில்லை. ஆகவே நான் பேசுவேன்! அந்த எழுதுகோலை இழுப்பறையிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்துவிட்டேன். வியாழனன்று இரண்டாம் நாற்காலி ஒன்று போடுங்கள். போடாவிடில் நின்றுகொண்டு பேசுவேன். விளக்கை அணைத்தால் இருளில் பேசுவேன். ஒலிவாங்கியைப் பறித்தால் சன்னலைத் திறந்து தெருவுக்கே பேசுவேன்!

உங்கள் படக்கருவிகளும் அவற்றின் பின்னுள்ள கண்களும் பழுதின்றி வாழ்க.

உறுதியுடன்,
வால்ட்ராவுட் ப்ரைட்டன்பாக்

பின்குறிப்பு: நான் அடுப்பைப் பார்த்துவிட்டு வருவதற்குள், இதை இசைவுக் கடிதம் என்றெண்ணி, கண்ணாடி அணியாத என் கணவர் என் பெயரருகே தாமும் கையொப்பமிட்டுவிட்டார், மேசையில் கிடந்த அதே எழுதுகோலால். "பிரமாதமா எழுதியிருக்க, வால்ட்ரா! ஒரு எழுத்தும் மாத்தாம அனுப்பிடு" என்கிறார். அவர் விருப்பப்படியே அனுப்புகிறேன். இனி அவர் கையொப்பமே பேசும்; இரண்டாம் நாற்காலி வேண்டாம்.