நேற்றைய ரசீது

நீதிமன்ற உத்தரவை மூன்றாவது முறை படித்தபோதும் கூட்டுறவுச் சங்கச் செயலாளரின் விரல் அதே வரியில்தான் வந்து நின்றது. கடன் தவணை தவறியவர்கள் இன்று முதல் ஒரு மாதத்துக்குள் அசலை மட்டும் கட்டினால் போதும். வட்டியும் அபராத வட்டியும் தள்ளுபடி. ஏற்கெனவே கட்டியவர்களுக்குத் திருப்பித் தர வழியில்லை.

மரமறுக்கும் மெஷினுக்குக் கடன் வாங்கிய தச்சர் நேற்று மாலைதான் கட்டியிருந்தார். அசல், வட்டி, அபராதம் எல்லாம் சேர்த்து, ஒரு பைசா பாக்கியில்லாமல்.

அவராகவா கட்டினார்? செயலாளர் மூன்று வருடம் பட்டறைக்கு நடையாய் நடந்தார். வீட்டில் சாப்பிட உட்கார்ந்தாலும் அதே பேச்சுதான். போன வாரம், "கட்டலைன்னா மெஷினை ஏலம் விட்டுருவோம்" என்று மிரட்டியும் வைத்திருந்தார்.

"நாப்பத்திரெண்டாயிரம் வட்டி தண்டமாப் போச்சே சார்," என்றார் காசாளர். "அந்த ஆளு கையில எப்பவும் உளி இருக்கும். பாத்து நடந்துக்குங்க."

"பணம் பேங்குக்குப் போயிடுச்சா?"

"இன்னும் பெட்டியிலதான் இருக்கு. ரசீது திரும்பி வந்தா ரத்து பண்ணிட்டு, இன்னிக்குத் தேதியில அசலை மட்டும் வாங்கிக்கலாம்."

செயலாளருக்குப் போன உயிர் திரும்பியது. ஆனால் விஷயம் வெளியே தெரிந்தால் போன மாதம் கட்டியவர்களும் வரிசையில் வந்து நிற்பார்கள். காரணம் சொல்லாமல் ரசீதை வாங்கிவிட வேண்டும்.

பட்டறைக்குள் நுழைந்தவர் திகைத்துப்போனார். தச்சர் ரசீதுக்குத் தேக்குச் சட்டம் அடித்து, கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டியிருந்தார்.

"அண்ணே, ரசீதுல ஒரு சின்னத் தப்பு. குடுங்க, திருத்திக் கொண்டாந்துடுறேன்."

"என்ன தப்பு?"

"தேதி..."

"நேத்துதானே கட்டுனேன்? நேத்துத் தேதிதானே இருக்கு?"

"கையெழுத்து கொஞ்சம்..."

"அது உங்க கையெழுத்துதானே சார்?" தச்சர் சுவருக்கு முன்னால் வந்து நின்றுகொண்டார். "இதைக் குடுத்துட்டா, நாளைக்கு நான் கட்டவே இல்லைம்பீங்க. அதானே?"

"சத்தியமா இல்லண்ணே! வேணும்னா என் பைக்கைப் பிடிச்சு வெச்சுக்குங்க."

"பைக்கையே குடுக்குறாருன்னா பெரிய வில்லங்கம்தான்!" என்று தச்சர் போட்ட சத்தத்தில் அக்கம்பக்கத்துக் கடைக்காரர்கள் ஓடிவந்தார்கள். வேறு வழியில்லாமல் செயலாளர் உத்தரவையும் ரசீதை ரத்து செய்யும் யோசனையையும் சொல்லிவிட்டார்.

"அப்ப போன மாசம் வட்டியோட கட்டுன நான் இளிச்சவாயனா?" என்றார் பக்கத்துக் கடை வெல்டர். அதோடு விட்டாரா? சங்கத்துக்குப் போன் போட்டு, "ரசீதை ரத்து பண்றீங்களாமே, யாரு குடுத்த அதிகாரம்?" என்று அதட்டினார்.

மேலதிகாரியோ என்று நினைத்துக் காசாளர் வெலவெலத்துப் போனார். அடுத்த கால் மணி நேரத்தில் பெட்டியிலிருந்த பணத்தையெல்லாம் அள்ளிக்கொண்டு போய் பேங்கில் கட்டிவிட்டு, செயலாளருக்குப் போன் செய்தார். "கட்டிட்டேன் சார். இனி யாரும் நம்மளை ஒண்ணும் கேக்க முடியாது!"

செயலாளர் அங்கிருந்த மரக்கட்டையின் மேல் உட்கார்ந்துவிட்டார். பயம் போய் இப்போது நிஜமாகவே மனசு வலித்தது. தான் ஒரே ஒரு நாள் சும்மா இருந்திருந்தால் இந்த மனிதருக்கு நாற்பத்திரெண்டாயிரம் மிச்சமாகியிருக்கும்.

"என்னாலதான் இந்த நஷ்டம்ணே. மாசம் ரெண்டாயிரமா என் சம்பளத்துலேருந்து குடுத்துடுறேன்."

தச்சர் கோபப்படவில்லை. தலையைச் சொறிந்துகொண்டே மனைவியைப் பார்த்தார். டீ கொண்டுவந்த அந்த அம்மாள் டம்ளரைச் செயலாளர் கையில் கொடுத்தார்.

"நஷ்டம் எங்களுக்கு இல்ல சார். 'அந்த மனுஷன் உங்க கடனைப் பத்தியே பேசி என் உயிரை வாங்குறாரு, முதல்ல கட்டித் தொலைங்க, வட்டி என் பொறுப்பு, அசலை மட்டும் மெதுவாத் திருப்பிக் குடுத்தாப் போதும்'னு தன் சங்கிலியை அடகு வெச்சு மொத்தப் பணத்தையும் கொண்டாந்து குடுத்ததே உங்க வீட்டம்மாதான்."